குடிதண்ணீரில் நனைத்த துணி

சன்னல்களுக்குக் கம்பளி அடிக்கும் வேலையைச் சுல்மீராதான் செய்தாள். அண்ணன் ஜெனேசியோவுக்கு இடுப்பெலும்பு முறிந்து கூடியதிலிருந்து நாற்காலியில் ஏறுவது ஆகாது. ஏறியவளுக்குக் கீழே நின்றுகொண்டு வேலை சொல்வது மட்டும் ஆகும். தெருப்பக்கத்துச் சன்னலுக்குத் தடித்த கம்பளி ஒன்று, கொல்லைப்பக்கத்துக்கு அவளுடைய காலஞ்சென்ற கணவன் அன்செல்மோவின் பழைய போர்வை. இரண்டு ஆணியை உதட்டில் கவ்விக்கொண்டு மூன்றாவதை அடித்தாள்.

"மேல் மூலையில பாரு, ஊசி மாதிரி உள்ள வருது," என்று ஊன்றுகோலை நீட்டினான் ஜெனேசியோ.

"எங்க?"

"உன் தலைக்கு மேலதான். இந்த வீட்டுல கண்ணு எனக்கு ஒருத்தனுக்குத்தான் இருக்கா?"

"கண்ணு உனக்கு, முழங்கால் வலி எனக்கு. பேசாம இரு, சுத்தியல் கைதவறி கீழ விழுந்துரும்."

அவன் சிரித்தான். அவள் சிரிக்கவில்லை. "அண்ணே," என்றாள்.

"என்ன?"

"ஒண்ணுமில்ல. அந்த ஆணியைக் கொடு."

காலையிலிருந்து இது மூன்றாவது 'ஒண்ணுமில்ல.'

சாவோ பாவ்லோவிலிருந்து தைனா என்றொரு பெண் வந்திருந்தாள். சாலையோர விடுதியில் தங்கியிருக்கிறாள். காபி குடித்துவிட்டுப் பெரிய திரையோடும் கணினியோடும் வந்துவிடுவாள். நாற்பது வருஷத்துக்கு முன்னால் இதே லகோவா ராசா ஊரில் ஜெனேசியோ ஒளிப்பதிவு செய்த வறட்சிப் படத்தைக் கீறல் நீக்கிப் புதுசாக்குகிறார்கள். எந்தக் காட்சியில் எவ்வளவு வெளிச்சம், எவ்வளவு இருட்டு என்று எடுத்தவனே பக்கத்தில் உட்கார்ந்து சொல்ல வேண்டுமாம். அவனால் அவ்வளவு தூரம் பயணம் போக முடியாது என்பதால் வேலை வீட்டுக்கே வந்துவிட்டது. முடிந்ததும், ஊர்ப் புனிதரின் திருவிழாவில், கோயிலின் வெள்ளைச் சுவரில் படத்தைக் காட்டப்போகிறார்கள். நகராட்சிக்காரர்கள் இப்போதே நாற்காலி வாடகைக்குச் சொல்லிவிட்டார்கள்.

அந்தச் சுவரில் இரண்டு ஆள் உயரத்துக்குத் தன் முகம் வரும் என்று சுல்மீராவுக்குத் தெரியும். இறந்த பிள்ளையின் பெட்டிக்கு மேலே குனிந்த முகம். கன்னத்தில் கண்ணீர் வழியும். அது கண்ணீர் இல்லை என்று தெரிந்தவர்கள் உலகத்தில் இரண்டு பேர். ஒருத்தி நாற்காலி மேல் நின்றுகொண்டிருந்தாள். மற்றவன் கீழே நின்று ஆணி எடுத்துக் கொடுத்துக்கொண்டிருந்தான். அதைத் துடைத்துவிடு என்று அவனிடம் கேட்கத்தான் காலையிலிருந்து வாய் வரவில்லை.

ஜெனேசியோ பதினேழு வயதில் தண்ணீர் லாரி ஒன்றில் தொற்றிக்கொண்டு ரியோவுக்குப் போனவன். படப்பிடிப்புகளில் ஒயர் சுருட்டினான், வண்டி தள்ளினான், லென்ஸ் துடைத்தான், பிறகு பல வருஷம் மற்றவர்களுக்கு ஃபோகஸ் பிடித்தான். முப்பது தாண்டித்தான் அவன் பேருக்கு ஒரு படம் கிடைத்தது. இயக்குநர், ரியோவில் பெரிய மருத்துவர் ஒருவரின் மகன். வறட்சியைப் பற்றிப் படம் எடுக்க ஆசை இருந்தது. விளக்கு வாடகைக்குப் பணம் இல்லை. கொண்டுவந்த ஒரே ஜெனரேட்டரும் முதல் வாரத்திலேயே தூசி அடைத்து நின்றுபோனது. இயக்குநர் தலையில் கைவைத்து உட்கார்ந்துவிட்டார். ஜெனேசியோ ஒரு கடப்பாரையை எடுத்துக்கொண்டு வீடு வீடாகப் போய்க் கதவுகளைக் கீலோடு கழற்றினான்.

அதுதான் பிற்பாடு அவன் பாணி என்று பேர் வாங்கியது. வீட்டுக்கு ஒரே ஒரு ஓட்டை. அதன் வழியாக வரும் வெளிச்சம் மட்டும். மற்ற சுவர்களில் அடுப்புக்கரியைத் தேய்த்துக் கறுப்பாக்கிவிடுவான். முகவாய்க்குக் கீழே கொஞ்சம் வெளிச்சம் ஏற வேண்டுமென்றால் தரையில் ஒரு வெள்ளை விரிப்பு. அது சுல்மீராவின் கல்யாண விரிப்பு. திரும்பி வரும்போது அதில் முப்பது பேருடைய செருப்புத் தடம் இருந்தது. வெளியே எடுத்தபோது வானத்தை அப்படியே வெறும் காகிதம்போல வெளுக்க விட்டான். ரியோவில் படச்சுருளைக் கழுவியவர்கள் வெளிச்சத்தின் அளவு தப்பிவிட்டது என்று ஆள் அனுப்பினார்கள். "எங்க ஊர் வானத்தை மத்தியானத்துல யாராவது அண்ணாந்து பார்க்க முடியுமா? அப்போ படத்துலயும் பார்க்க முடியக் கூடாது," என்று சொல்லி அனுப்பினான். இந்தப் பதிலை அவன் பின்னாளில் எத்தனையோ மேடையில் சொல்லிக் கைதட்டு வாங்கியிருக்கிறான். சொன்னது உண்மைதான். சுல்மீரா பக்கத்தில் இருந்தாள்.

அவனுக்கு ஒத்துவராத ஒன்று தோல். வறட்சியில் தூசி ஏறிய தோல் வெளிச்சத்தைக் குடித்துவிடும், திருப்பித் தராது. எந்த முகத்தை வாசலில் நிறுத்தினாலும் மண்சுவர் மாதிரி இருக்கிறது என்று அலுத்துக்கொண்டே இருந்தான்.

படத்துக்கு ஒரு குழந்தைச் சாவு தேவைப்பட்டது. இயக்குநர் துணிப் பொம்மையைப் பெட்டியில் வைத்து ஒருநாள் முழுக்க எடுத்துப் பார்த்தார். பொம்மை பொம்மையாகத்தான் இருந்தது. எண்பத்து மூன்றாம் வருஷ வறட்சியில் அந்த ஊருக்குப் பொம்மை தேவையே இல்லை. செத்த குழந்தைக்கு அடிக்கும் சின்னக் கோயில் மணி கேட்காத வாரம் கிடையாது. அப்படி ஒரு வாரத்தில் சுல்மீராவின் ஜொசியாஸ் போனான். தலைச்சன், தவழ ஆரம்பித்திருந்தான். லாரித் தண்ணீர்தான் காரணமோ என்னவோ, வயிற்றால் போய்ப் போய் ஒரு விடிகாலையில் அடங்கிவிட்டான். அன்செல்மோ அப்போது ஊரிலேயே இல்லை. அரசாங்கம் பஞ்சத்துக்குப் போட்ட ரோட்டு வேலையில், எங்கேயோ கல் உடைத்துக்கொண்டிருந்தான்.

ஜெனேசியோ வந்து பெட்டி பக்கத்தில் ரொம்ப நேரம் உட்கார்ந்திருந்தான். குழந்தையின் பாதத்தைப் பிடித்துக்கொண்டிருந்தான். பிறகு மெதுவாகச் சொன்னான்: "சுல்மா, இவனுக்கு ஒரு போட்டோகூட இல்லையே. நான் எடுக்கிறேன். படத்துல வரும். அதுலேர்ந்து ஒரு போட்டோ போட்டு உனக்குத் தரேன். அன்செல்மோ வந்தா காட்டலாம்."

அவள் சரி என்றாள். அன்செல்மோவுக்குக் காட்டலாம் என்பதற்காகத்தான் சரி என்றாள்.

அந்தப் பக்கத்தில் பிள்ளை செத்தால் தாய் அழக்கூடாது. போனது தேவதூதன். தாயின் கண்ணீர் பட்டால் சிறகு நனைந்துவிடும். ஏற முடியாமல் கூரைமேலேயே கிடக்கும். நீலப் பெட்டி, காகிதப் பூ, வெள்ளைச் சட்டை எல்லாம் அக்கம்பக்கத்தார் கொண்டுவந்துவிடுவார்கள். தாய் செய்ய வேண்டியது இது ஒன்றுதான். சுல்மீரா செய்தாள். கன்னத்தின் உட்புறத்தைக் கடித்துக்கொண்டு, ரத்தம் உப்புக் கரிக்க, காலையிலிருந்து ஒரு சொட்டு விடவில்லை. "நல்ல மனசுக்காரி," என்று பக்கத்து வீட்டுக் கொரினா அவள் முதுகைத் தடவினாள்.

ஜெனேசியோ எல்லாரையும் வெளியே அனுப்பினான். பெட்டியை வாசல் வெளிச்சத்துக்கு நகர்த்தினான். கேமராவில் கண் வைத்துப் பார்த்தான், எழுந்தான், மறுபடி பார்த்தான். பிறகு மூலையிலிருந்த பானையைத் திறந்து, தோளில் கிடந்த துணியை முக்கிப் பிழிந்தான்.

"அது குடிக்கிற தண்ணி, அண்ணே," என்றாள் அவள்.

"கொஞ்சந்தான், சுல்மா."

நெற்றியிலிருந்து முகவாய் வரை ஒரே இழுப்பாகத் துடைத்துவிட்டான். தண்ணீரில் சேற்று வாடை அடித்தது. பிள்ளையைப் பறிகொடுத்த தங்கையின் முகத்துத் தூசியை அண்ணன் துடைத்துவிடுகிறான் என்றுதான் அவள் நினைத்தாள். சின்ன வயதிலும் அப்படித் துடைத்துவிட்டிருக்கிறான். காய்ந்த துணி ஒன்று அடுத்து வரும் என்று காத்திருந்தாள். வரவில்லை. கேமரா ஓட ஆரம்பித்துவிட்டது. பிள்ளையைப் பார்க்க வேண்டிய நேரத்தில், லாரி இனி எப்போது வருமோ, பானையில் எவ்வளவு குறைந்ததோ என்று அவள் புத்தி பானையைச் சுற்றிக்கொண்டிருந்தது. அதை நினைத்து இன்றைக்கும் கூசுவாள். அதனால்தான் அது அவளுக்கு மறக்கவும் இல்லை.

போட்டோ சில மாதம் கழித்து யாரோ கையில் வந்தது. சுல்மீராவின் கன்னம், மயிர்க்கண் தெரிய. அதில் வாசல் வெளிச்சம் வாங்கிப் பளபளக்கும் இரண்டு ஈரக் கோடுகள். கீழே ஓரத்தில் வெள்ளையாக ஒரு மங்கல். அதுதான் ஜொசியாஸ். ஃபோகஸ் கன்னத்தில் இருந்தது. அன்செல்மோவுக்கு அவள் அதைக் காட்டவில்லை.

அடுத்த வருஷம் படம் ஊருக்கு வந்தது. பஞ்சுக் கிடங்கில் வேட்டித்துணி கட்டிக் காட்டினார்கள். சிரிப்பும் விசிலுமாகத்தான் இருந்தது, அந்த முகம் வரும்வரை. இருட்டில் கொரினாவின் குரல் மட்டும், தணிவாக: "அழுதிருக்காளே."

அன்செல்மோ கத்தவில்லை, கை நீட்டவில்லை. வீட்டுக்கு வந்து தொப்பியைக்கூடக் கழற்றாமல் உட்கார்ந்தான்.

"அழலைன்னு சொன்னே."

"அழல. அது தண்ணி. அண்ணன் துணியால துடைச்சான்."

"கண்ணால பார்த்தேனே, சுல்மீரா."

அதற்குப் பிறகு இரண்டு பிள்ளை வயிற்றிலேயே கரைந்தது. மூத்தவன் கூரையை விட்டுப் போகவில்லை, பின்னால் வருகிறவர்களை விடமாட்டான் என்று மாமியார் வீட்டில் பேசிக்கொண்டார்கள். ஊரில் யாரும் முகத்துக்கு நேரே ஏசவில்லை. நீலப் பெட்டி போகும் வீட்டுக்கு மட்டும் அவளைக் கூப்பிடுவதை நிறுத்திவிட்டார்கள். ஒருமுறை ஊருக்கு வந்த ஜெனேசியோவிடம், "அவர்கிட்ட நீ ஒரு வார்த்தை சொல்லு," என்று கெஞ்சினாள். "சொல்றேன், சொல்றேன்," என்றான். மச்சானோடு உட்கார்ந்து கரும்புச் சாராயம் குடித்தான், ரியோ கதைகள் சொன்னான், விடிந்ததும் பஸ் ஏறிவிட்டான். அவள் பிறகு கேட்கவில்லை. சிறுநீரகம் கெட்டு அன்செல்மோ படுக்கையில் கிடந்த கடைசி நாட்களில், "என்னைக் கூட்டிட்டுப் போக ஜொசியாஸ் வருவானா?" என்று கேட்டான். "வருவான்," என்றாள். அவன் சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்துக்கொண்டான். நம்பவில்லை என்பது முதுகிலேயே தெரிந்தது.

ஜெனேசியோவுக்கு அந்த ஒரு காட்சி வாழ்க்கையைத் திறந்துவிட்டது. வெளிநாட்டில் பரிசு. அதிலிருந்து எந்தப் படமானாலும் நடிகர்களின் முகத்தை ஈரத்துணியால் துடைத்துவிட்டுத்தான் கேமராவுக்கு முன்னால் விடுவான். பணக்கார வீட்டு நாயகியும் அவன் கையில் வியர்த்தவள்தான். ஈரத்துணி ஜெனேசியோ என்று தொழிலில் பட்டப்பெயரே விழுந்தது. ஐந்தாறு வருஷம் கொடிகட்டிப் பறந்தான். பிறகு நாட்டில் படமெடுப்பதே நின்றுபோன காலம் வந்தது. தொலைக்காட்சித் தொடருக்குப் போனான். அங்கே முகம், சுவர், பூச்சாடி எல்லாவற்றுக்கும் ஒரே வெளிச்சம். அதற்கும் பிறகு பீர் விளம்பரம். பாட்டிலில் தண்ணீர் தெளித்து, ஒவ்வொரு துளியும் மின்ன விளக்கு வைப்பான். "கடைசில பாட்டில் மூஞ்சியைத் துடைக்கிற வேலைக்கு வந்துட்டேன்," என்று தொலைபேசியில் அவளிடம் சொன்னான். மனைவி விட்டுப்போனாள், இடுப்பு முறிந்தது, தங்கை வீட்டுக்கு வந்து சேர்ந்தான். வைத்துக்கொள்ள மாட்டேன் என்று அவளால் சொல்ல முடியவில்லை. அண்ணன்தானே.

தைனா வந்தாள். முப்பது வயதிருக்கும், முன்கையில் மீன் பச்சை குத்தியிருந்தாள். வந்ததும் மக்காச்சோளப் புட்டில் வெண்ணெய் தடவி இரண்டு தட்டு சாப்பிட்டாள்.

"சுல்மீராம்மா, இந்தப் புட்டுக்காகவே நான் இங்க தங்கிடுவேன்."

"தங்கு. ஆணி அடிக்க ஆள் வேணும்."

வேலி மேலிருந்து கொரினா எட்டிப் பார்த்தாள். தொண்ணூறை நெருங்கிவிட்டாள், நாக்கு மட்டும் அப்படியே இருந்தது. "என்ன சுல்மீரா, படத்தைக் கழுவுறாங்களாமே? சுருக்கத்தையெல்லாம் எடுத்துருவாங்களா?"

"அதுல எனக்கு இருபத்தாறு வயசு. சுருக்கம் இல்ல."

"ஆமாமா. சின்னப் பிள்ளை, அழுதுட்டே, பாவம். விடு, இப்ப உள்ள பசங்களுக்கு அதெல்லாம் எங்க தெரியுது. பார்த்துட்டுக் கைதட்டுவாங்க." ஆறுதல் சொல்லிவிட்ட திருப்தியோடு தலை உள்ளே போயிற்று.

சுல்மீரா பயறு கழுவிய தண்ணீரைச் செடிக்கு ஊற்றிவிட்டு, கையைப் பாவாடையில் துடைத்துக்கொண்டு இருட்டறைக்குள் போனாள். வேலை நடக்கும் இடத்தில் அவள் இருக்க வேண்டியதில்லை. இருந்தும் சுவரோரம் முக்காலியைப் போட்டு உட்கார்ந்தாள். தைனா திரும்பிப் பார்த்துச் சிரித்தாள். ஜெனேசியோ பார்க்கவில்லை. திரைக்கு முன்னால் அவன் வேறு ஆளாக இருந்தான், முதுகு நிமிர்ந்திருந்தது.

"வானத்துல நீலம் எட்டிப் பார்க்குது, தைனா. அடி அதை. இன்னும். இன்னும். ஆங். கண்ணு கூசணும்."

"கூசுது, சார்."

"எங்க ஊர்ல அதுக்குப் பேர்தான் மத்தியானம்."

கதவில்லாத வீடுகள் வந்தன. கரி தேய்த்த சுவர்கள், இருட்டிலிருந்து பாதி முகம் நீட்டும் கிழவர்கள். எல்லாரும் செத்துப்போனவர்கள், எல்லாரும் அழகாக இருந்தார்கள். அண்ணனுக்குத் தொழில் தெரியாது என்று அவள் ஒருநாளும் நினைத்ததில்லை.

பிறகு திரையில் அவள் வந்தாள்.

பஞ்சுக் கிடங்குக்குப் பிறகு இப்போதுதான் பார்க்கிறாள். கீறல் இல்லை, நடுக்கம் இல்லை. உதடு வெடிப்பு தெரிந்தது. கண்ணுக்குக் கீழே இரண்டு கோடும் வெள்ளிக் கம்பி மாதிரி மின்னின. கீழ் ஓரத்தில் அதே வெள்ளை மங்கல்.

"அம்மாடி," என்றாள் தைனா மெதுவாக. "காலேஜ்ல இதை எங்களுக்குப் பாடமாவே எடுத்தாங்க, சுல்மீராம்மா. நீங்கதானா?"

"நான்தான். தைனா, அந்தப் பிள்ளையைக் கொஞ்சம் தெளிவாக்க முடியுமா?"

தைனாவின் முகம் வாடியது. "முடியாதும்மா. ஃபோகஸ் விட்டது விட்டதுதான். இல்லாததை என்னால வரவழைக்க முடியாது."

"இருக்கிறதை எடுக்க முடியுமா?"

"எடுக்கலாம்."

"அப்போ அந்தத் தண்ணியை எடு."

ஜெனேசியோ நாற்காலியோடு திரும்பினான். "என்னது?"

"கன்னத்துல இருக்கிற ஈரத்தை எடுக்கச் சொல்றேன். சுவர்ல அது வேண்டாம்."

"பைத்தியமா உனக்கு? படமே அதுலதான் நிக்குது." பிறகு, சமையலில் உப்புக் குறை சொன்ன குழந்தையைச் சமாதானப்படுத்துகிறவன்போலச் சிரித்தான். "சரி தைனா, எடுத்துக் காட்டு. பார்த்தாத்தான் புரியும் இவளுக்கு."

தைனா எடுத்தாள். எளிதில் ஆகவில்லை. கோட்டின் மேல் கோடாகத் தோலை ஒட்டி ஒட்டி அழிக்க வேண்டியிருந்தது. சுல்மீரா நடுவில் போய்ப் பயறை அடுப்பிலிருந்து இறக்கிவிட்டு, மூன்று காபியோடு வந்தாள். வந்தபோது வேலை முடிந்திருந்தது.

வறண்ட முகம். தூசி, உதடு வெடிப்பு, உள்ளே கடித்ததால் ஒரு பக்கம் லேசாகக் குழிந்த கன்னம். அந்தக் குழிவை ஈரத்தின் பளபளப்பு இத்தனை நாளும் மறைத்திருந்தது. சுல்மீராவின் நாக்கு தானாகவே கன்னத்தின் உட்புறத்தைத் தொட்டது. பஞ்சுக் கிடங்கில் அன்செல்மோ பார்த்திருக்க வேண்டியது இதைத்தான். காபித் தட்டைக் கீழே வைத்தாள்.

"செத்துப்போச்சு," என்றான் ஜெனேசியோ. "பார்த்தியா? வெளிச்சம் எங்கயும் நிக்கல. மண்சுவர்."

"நான் அப்படித்தான் இருந்தேன்."

"நீ அப்படி இல்ல. நீ அழுதே, சுல்மா."

அவள் திரையை விட்டு அண்ணன் பக்கம் திரும்பினாள்.

"நான் அழுதேனா?"

"என் கண் முன்னாடி. நான் கேமராவுல இருந்தேன், மத்தவங்களையெல்லாம் வெளிய அனுப்பிட்டேன். உன் கண்ணுலேர்ந்து இறங்கி, வாசல் வெளிச்சத்துல..." அவன் குரல் உடைந்தது. நடிப்பில்லை, நடிப்பை அவள் கண்டுபிடித்துவிடுவாள். "அதைப் பார்த்துத்தான் எனக்குத் துணி யோசனையே வந்தது. என் தங்கச்சி கண்ணீர் எனக்கு வெளிச்சம்னா என்னன்னு காட்டிச்சுன்னு எத்தனை பேட்டியில சொல்லியிருக்கேன்."

"ஆமாம்மா, நானும் படிச்சிருக்கேன்," என்றாள் தைனா, உதவி செய்வதாக நினைத்து.

"பானையில முக்கினே, அண்ணே. தோள்ல கிடந்த துணி. குடிக்கிற தண்ணின்னு நான் சொன்னேன். கொஞ்சந்தான்னு நீ சொன்னே."

"அது வேற படம். துணியெல்லாம் அப்புறம் வந்த பழக்கம். உனக்கு வயசாகுது, சுல்மா."

"சேத்து வாடை அடிச்சது."

"அழுததுல என்ன தப்பு? பெத்தவ அழமாட்டாளா? இன்னும் அந்தச் சிறகுக் கதையைப் பிடிச்சுக்கிட்டு..." அவன் கையை வீசினான். "தைனா, பழையபடி கொண்டுவா. இதை யாரும் பார்க்க வேண்டாம்."

தைனா ஒரு விசையைத் தட்டினாள். ஈரம் திரும்பி வந்தது. சுல்மீரா நின்றுகொண்டே இருந்தாள். பொய் சொன்னால் சண்டை போடலாம். இவன் சொல்லிச் சொல்லியே அந்த நாளைத் தொலைத்துவிட்டிருந்தான். அவனிடம் இருந்தது படம் மட்டும்தான். அப்படியானால் தெரிந்தவள் இனி அவள் ஒருத்திதான்.

தைனா எதற்கோ முகத்தைப் பெரிதாக்கினாள். கை நின்றது.

"சார்."

"என்ன?"

"புருவத்தைப் பாருங்க."

இடது புருவ முடியில் ஒரு சொட்டு தொங்கிக்கொண்டிருந்தது. நெற்றி ஓரத்து முடி நாலைந்து இழை ஈரமாக ஒட்டியிருந்தது. கோடு கண்ணிலிருந்து தொடங்கவில்லை. முடியோரத்திலிருந்து இறங்கிக் கண்ணின் ஓரத்தைச் சுற்றிக்கொண்டு கன்னத்துக்கு வந்திருந்தது. கண் இரண்டும் காய்ந்து கிடந்தன.

"பழைய பிரதியில இது தெரியவே இல்ல," என்றாள் தைனா. "இப்பத்தான்..."

ஜெனேசியோ முன்னால் குனிந்தான். மூக்குத் திரையைத் தொடும் அளவுக்கு. எந்த ஈரம் எங்கிருந்து வருகிறது என்று அவனுக்கு யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை; வாழ்நாளெல்லாம் ஆயிரம் முகத்தை நனைத்தவன். அவனுடைய வலது கை ஊன்றுகோலை விட்டு மெல்ல எழுந்து, காற்றில், நெற்றியிலிருந்து முகவாய் வரைக்கும் ஒரே இழுப்பாக இறங்கியது. இறங்கிய கையை அவனே பார்த்தான். மடியில் வைத்துக்கொண்டான்.

சுல்மீரா அதைப் பார்த்தாள்.

கம்பளிக்கு மேல் மூலையில், அவள் அடைக்காமல் விட்ட ஊசி வெளிச்சம் தரையில் விழுந்திருந்தது.

"தைனா," என்றான் அவன். "அந்தப் புருவத்தை இருட்டாக்கு."

"சார்?"

"சொட்டு கண்ணை இழுக்குது. பார்க்கிறவன் அங்க போயிடுவான். நெத்தியையும் சேர்த்து இறக்கு. கண்ணுக்குக் கீழ இருக்கிறது மட்டும் போதும்."

தைனா சுல்மீராவைப் பார்த்தாள். சுல்மீரா அவளைப் பார்க்கவில்லை.

"அண்ணே," என்றாள். இந்த முறை 'ஒண்ணுமில்ல' வரவில்லை. "சுவர்ல எது வேணா வரட்டும். ஊருக்கு நீ எதுவும் சொல்ல வேண்டாம். கொரினாவுக்கும் வேண்டாம், பேட்டிக்காரங்களுக்கும் வேண்டாம். அவர்தான் போயாச்சு. என்கிட்ட மட்டும் சொல்லு. நான் அழுதேனா?"

ஜெனேசியோ திரையைப் பார்த்துக்கொண்டிருந்தான். அதன் வெளிச்சத்தில் அவன் கன்னமும் ஈரமாகத்தான் இருந்தது. அது வியர்வையோ வேறெதுவோ, அவளால் இந்தத் தூரத்திலிருந்து சொல்ல முடியவில்லை.

"அழுதேனா, அண்ணே?"

"இன்னும் கொஞ்சம் இறக்கு," என்றான் அவன் தைனாவிடம்.

புருவம் மங்கியது. சொட்டு மறைந்தது.

சுல்மீரா குனிந்து மூன்று கோப்பையையும் தட்டில் எடுத்து வைத்தாள். ஒன்றில் காபி அப்படியே இருந்தது. முழங்கையால் கதவைத் தள்ளினாள். மத்தியான வெயில் உள்ளே பாய்ந்து திரையின் மேல் விழுந்தது. முகம், ஈரம், பெட்டி எல்லாம் வெளுத்து ஒன்றும் தெரியாமல் போயிற்று.

"கதவு, சுல்மா! கதவைச் சாத்து!" என்று கத்தினான் ஜெனேசியோ.

அவள் தட்டோடு கொல்லைப்பக்கம் போய்விட்டிருந்தாள்.